சாவி ஒருவரிடம், பர்மிட் இன்னொருவரிடம்

நீதிபதி நாற்காலியில் உட்கார்ந்தவருக்குக் குழப்பம் வரக்கூடாது என்று பயிற்சியில் உங்களுக்கு யாராவது சொல்லியிருந்தால், அவர் நல்ல மனிதர்தான், ஆனால் செஞ்சியில் வேலை பார்த்திருக்க மாட்டார். குழப்பம் வரும். காலையில் காபி குடிக்கும்போதே வந்துவிடும். பணியில் இருந்த காலமெல்லாம் வக்கீல்கள் என்னைக் கெட்டிக்காரி என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். காரணம் என் முகம். ஒன்றும் புரியாதபோது எனக்குப் புருவம் தானாகச் சுருங்கிவிடும். எதிரே நிற்பவர்கள் அம்மா ஆழமாக யோசிக்கிறார்கள் என்று நினைத்துக்கொள்வார்கள்.

இப்போது நீங்கள் புதிதாக அங்கி மாட்டிக்கொண்டு வருகிறீர்கள். என்னைப் பார்க்க வரும்போதெல்லாம் பெரிய வழக்குகளைப் பற்றிக் கேட்கிறீர்கள். கொலை, கொள்ளை, கோயில் நிலம் என்று. அவையெல்லாம் எனக்கு அவ்வளவு தொல்லை கொடுக்கவில்லை. என்னை உண்மையிலேயே திணற அடித்தது ஒரு மினி பஸ். அந்த வழக்கில் நான் செய்தது சரியா என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. தெரியாததைத்தான் சொல்லப்போகிறேன். தெரிந்ததைச் சொல்லப் புத்தகங்கள் இருக்கின்றன.

அந்த மினி பஸ் அனந்தபுரத்துக்கு உள்ளே தள்ளி இருக்கும் ஊர்களிலிருந்து செஞ்சிக்கு வந்துபோகும். டவுன் பஸ் மெயின் ரோட்டோடு போய்விடும். உள்ளே இருப்பவர்களுக்கு ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், நெல் மூட்டை என்று எதற்கும் இந்த ஒரு வண்டிதான். பச்சையப்பன் என்பவர் டிக்கெட் போடுவார். ஏழுமலை என்பவர் ஓட்டுவார். பச்சையப்பன் ஒரு துண்டு நிலத்தை விற்று முதல் போட்டிருந்தார். ஏழுமலை வெளிநாட்டில் லாரி ஓட்டிச் சேர்த்ததையெல்லாம் கொண்டுவந்து போட்டிருந்தார். வண்டியும் பர்மிட்டும் பச்சையப்பன் பெயரில். இருவருக்கும் நடுவே எழுத்தில் ஒரு வரி கிடையாது. வண்டி வாங்கிய அன்று மேல்மலையனூர் போய், அங்காளம்மன் சன்னதியில் கற்பூரம் ஏற்றி, நீ பாதி நான் பாதி என்று சத்தியம் செய்துகொண்டார்கள். அதோடு சரி.

பிற்பாடு இது வழக்காக என் கோர்ட்டுக்கு வந்து, பிரதிவாதியின் வக்கீல், "அம்மனை சாட்சிக் கூண்டில் ஏற்ற முடியாதே, யுவர் ஆனர்" என்று சொன்னபோது கோர்ட் முழுக்கச் சிரித்தது. நானும் சிரித்துவிட்டேன். ஏழுமலை மட்டும் சிரிக்கவில்லை.

பச்சையப்பன் திடீரென்று மாரடைப்பில் போய்விட்டார். மனைவி முன்பே இல்லை. ஒரே மகள் மலர்க்கொடி. பட்டப்படிப்பு முடித்துச் சென்னையில் ஒரு கம்பெனியில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தவர், காரியத்துக்கு வந்து அப்படியே ஊரில் தங்கிவிட்டார். வண்டியை நானே பார்த்துக்கொள்கிறேன் என்றார். அவர் சித்தம் அது. ஆனால் ஏழுமலைக்கு என்ன இடம் என்ற கேள்வி வந்தது. சொந்தக்காரர்கள் சூழ்ந்துகொண்டார்கள். ஏழுமலை காலனியைச் சேர்ந்தவர். அவர் டிரைவராக இருக்கும்வரை யாருக்கும் ஒன்றும் தோன்றவில்லை. பங்குதாரர் என்றால் மட்டும் சிலருக்குத் தொண்டையில் முள்ளாக நின்றது. இது எந்த மனுவிலும் எழுதப்படவில்லை. எழுதப்படாததும் கோர்ட்டுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும் என்பதை நீங்களே சீக்கிரம் பார்ப்பீர்கள்.

ஏழுமலை வழக்குப் போட்டார். வண்டி கூட்டுத் தொழில், எனக்குப் பாதி உண்டு என்றார். மலர்க்கொடியின் பதிலில், ஏழுமலை என் தந்தையிடம் சம்பளத்துக்கு இருந்த டிரைவர் மட்டுமே, வேறு எந்த உரிமையும் அவருக்குக் கிடையாது என்று இருந்தது. கீழே அவர் கையெழுத்து. அதை வாசித்தபோது ஏழுமலை தன் பக்கத்தில் நின்ற வக்கீலிடம், "டிரைவராம்மா? டிரைவர்னே போட்டுட்டாங்களா?" என்று கேட்டது எனக்குக் காதில் விழுந்தது. அந்த வக்கீல் இளம்பெண். பேசாமல் இருக்கும்படி அவரிடம் கையைக் காட்டினார்.

இப்போது சட்டத்துக்கு வருகிறேன். சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நீளமாகச் சொன்னால் நானே மறுபடி குழம்பிப் போவேன்.

இரண்டே பேர் சேர்ந்த கூட்டுத் தொழிலில் ஒருவர் இறந்தால் அன்றைக்கே கூட்டு கலைந்துவிடும். மகள் தானாகப் பங்குதாரர் ஆகிவிட மாட்டார். ஆக, கூட்டு இருந்தது என்று ஏழுமலை நிரூபித்துவிட்டால், அது செத்துப்போனது என்பதையும் அவரே நிரூபித்ததாக ஆகும். அப்புறம் வண்டியை விற்றுப் பிரித்துக்கொள்ள வேண்டியதுதான். பர்மிட்டோ சொத்து மாதிரி விற்கக்கூடியது அல்ல. இறந்தவரின் வண்டி யாருடைய சுவாதீனத்துக்கு வந்ததோ அவர் மூன்று மாதம் வரை அந்த பர்மிட்டில் ஓட்டலாம். அதற்குள் போக்குவரத்து அதிகாரி அதைப் பெயர் மாற்றித் தர வேண்டும். இல்லாவிட்டால் பர்மிட் போய்விடும். பர்மிட் போனால் அந்த வண்டி வெறும் தகரம். ஏழுமலை ஜெயித்தால் அவருக்கு அந்தத் தகரத்தில் பாதி கிடைக்கும். மலர்க்கொடி ஜெயித்தால் பர்மிட் கிடைக்கும், ஆனால் அந்த மண் ரோட்டில் அந்த வண்டியை ஓட்டத் தெரிந்த ஒரே ஆள் கிடைக்க மாட்டார்.

சரி, வண்டி யாருடைய சுவாதீனத்தில் இருக்கிறது என்று கேட்டேன். பச்சையப்பன் இறந்த அன்று வண்டி செஞ்சியில் ஒரு மெக்கானிக் ஷெட்டில் பிரேக் வேலைக்கு நின்றிருந்தது. சாவி ஏழுமலையின் சட்டைப் பையில். ஆர்.சி. புத்தகமும் பர்மிட்டும் மலர்க்கொடியின் பீரோவில். வண்டி மெக்கானிக்கின் சுவரோரம். அந்த மெக்கானிக்கும் நாளைக்கு ஒரு வக்கீலைப் பிடித்துக்கொண்டு வந்து நிற்பாரோ என்று எனக்குப் பயம் வந்துவிட்டது.

மலர்க்கொடி பெயர் மாற்ற விண்ணப்பித்திருந்தார். ஏழுமலை ஆட்சேபணை கொடுத்திருந்தார். அந்த அலுவலகம், கோர்ட் யார் என்று சொல்லட்டும் என்றது. நானோ, பர்மிட்டைத் தருவது கோர்ட்டின் வேலை அல்ல என்று படித்தவள். அவர்கள் என்னைக் காட்டினார்கள், நான் அவர்களைக் காட்டினேன். நடுவில் மூன்று மாதம் கரைந்துகொண்டிருந்தது. அந்தத் தடத்தைத் தனக்குத் தரும்படி வேறொருவர் மனு போடக் காத்திருக்கிறார் என்றும் பேச்சு வந்தது.

தாங்க முடியாமல் ஒரு மூத்த நீதிபதிக்குப் போன் செய்தேன். பெயர் வேண்டாம். விவரமெல்லாம் பொறுமையாகக் கேட்டார். முடிவில், "ரொம்ப நல்ல கேஸ்மா. ஜட்ஜ்மென்ட் எழுதினதும் எனக்கு ஒரு காப்பி அனுப்பு" என்று சொல்லி வைத்துவிட்டார். மூத்தவர்களிடம் கேளுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் இதற்கும் தயாராக இருங்கள்.

முதல் வாய்தாவில் நடந்ததைக் கேட்டால் நீங்கள் சிரிப்பீர்கள். வண்டியைப் பிரதிவாதி ஓட்டக்கூடாது என்று இந்தப் பக்கம் கேட்டார்கள். வாதி ஓட்டக்கூடாது என்று அந்தப் பக்கம் கேட்டார்கள். இரண்டு பேரும் ஒத்துப்போனது இந்த ஒரே விஷயத்தில்தான். ஆகவே வழக்கு முடியும்வரை வண்டியை நாங்கள் யாரும் எடுக்க மாட்டோம் என்று இருவரும் கோர்ட்டுக்கு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். எதிரி சாப்பிடக்கூடாது என்பதற்காகத் தன் இலையையும் சேர்த்து மூடிக்கொண்டார்கள். இந்தத் தாலுகாவில் இது புதிதல்ல. வரப்புத் தகராறில் இரண்டு பக்கத்து நிலமும் சேர்ந்தே தரிசாகக் கிடப்பதைப் பார்த்திருக்கிறேன். அவர்கள் கொடுத்த உறுதிமொழியை நான் பதிவு செய்துகொண்டேன். இருவரும் சம்மதித்து ஒன்றைக் கேட்கும்போது, அது புத்திசாலித்தனமா என்று கேட்கும் வேலை கோர்ட்டுடையதா என்று அன்று எனக்குத் தெரியவில்லை. இன்றைக்கும் தெரியவில்லை.

பிறகு அமாவாசை வந்தது.

உங்களில் வெளி மாவட்டத்துக்காரர்களுக்காகச் சொல்கிறேன். மேல்மலையனூர் அமாவாசை என்றால் எங்கெங்கிருந்தோ ஸ்பெஷல் பஸ் வரும். ராத்திரி அம்மனின் ஊஞ்சல் உற்சவம் பார்த்துவிட்டு ஜனங்கள் விடியற்காலையில் செஞ்சி பஸ் ஸ்டாண்டில் வந்து இறங்குவார்கள். பச்சையப்பனுக்கு ஒரு வழக்கம் இருந்தது. அமாவாசைக்குத் தன் வண்டியில் ஏறிப் போன ஊர்க்காரர்கள் எல்லோரும் திரும்பி வந்து சேரும்வரை மறுநாள் முதல் டிரிப்பை எடுக்க மாட்டார். யாராவது ஒரு கிழவி வராவிட்டால் ஏழுமலை இறங்கிப் போய் ஸ்பெஷல் பஸ்களில் ஏறி ஏறித் தேடுவார். ஆளைக் கூட்டி வந்த பிறகுதான் வண்டி நகரும். நேரத்துக்கு எடுக்கவில்லை என்று அதிகாரிகளிடம் திட்டும் வாங்கியிருக்கிறார்கள். அந்த ஒரு நாள் மட்டும் அவர்கள் திருந்தவே இல்லை.

அந்த அமாவாசைக்கு அடுத்த வேலை நாள். கோர்ட்டில் உட்கார்ந்து முதல் கட்டைப் பிரிப்பதற்குள் இரண்டு வக்கீல்களும் ஒரே நேரத்தில் எழுந்தார்கள்.

"யுவர் ஆனர், ஒரு அவசரம். பிரதிவாதி கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழியை மீறி வண்டியை ஓட்டியிருக்காங்க" என்றார் ஏழுமலையின் இளம் வக்கீல்.

"மீறினது வாதி! என்கிட்ட போட்டோ இருக்கு!" என்றார் மலர்க்கொடியின் வக்கீல். நரைத்தவர், குரல் வராண்டா வரைக்கும் கேட்கும்.

இரண்டு செல்போன்கள் என் மேஜைக்கு வந்தன. இரண்டிலும் ஊர்க்காரர்களின் வாட்ஸ்அப்பில் சுற்றிய படங்கள். ஒன்று வண்டிக்கு எதிரே நின்று எடுத்தது. ஸ்டியரிங்கில் ஏழுமலை, நெற்றி நிறையத் திருநீறு. இன்னொன்று வண்டிக்குள்ளிருந்து எடுத்தது. கூட்டத்துக்கு நடுவே தோளில் டிக்கெட் பையோடு மலர்க்கொடி. நான் ஒன்றைப் பார்த்தேன், மற்றதைப் பார்த்தேன். வண்டியின் சன்னல் கம்பியில் கட்டியிருந்த ஒரே மஞ்சள் துணி இரண்டு படத்திலும் இருந்தது. ஒரே டிரிப். என் புருவம் சுருங்கியது. இரண்டு வக்கீல்களும், அம்மா கடும் கோபத்தில் இருக்கிறார்கள் என்று அமைதியாகிவிட்டார்கள். எனக்குக் கோபமே இல்லை. தலை சுற்றியது, அவ்வளவுதான்.

கட்சிக்காரர்களை முன்னால் கூப்பிட்டேன். இருவரும் வந்து, ஒருவரை ஒருவர் பார்க்காமல் நின்றார்கள். தாங்கள் செய்ததை இருவருமே தங்கள் வக்கீலிடம் சொல்லவில்லை என்பது வக்கீல்களின் முகத்திலேயே தெரிந்தது.

"வண்டியை ஓட்டினது யார்?" என்றேன்.

"நான்தாம்மா" என்றார் ஏழுமலை.

"எடுக்க மாட்டேன்னு எழுதிக் கொடுத்தீங்களே?"

"குடுத்தேம்மா. தப்புதான். அமாவாச மறுநா காலைல பஸ் ஸ்டாண்டுக்குப் போவாம இருக்க முடியலம்மா. சும்மா டீ குடிக்கலாம்னுதான் போனேன். பார்த்தா நம்ம ஊரு ஜனமெல்லாம் தரையில உக்காந்துக்கினு இருக்குது. புள்ளைங்க துணிப்பை மேல தூங்குது."

மலர்க்கொடியிடம் திரும்பினேன். "நீங்கள் எப்படி அங்கே?"

"நைனாவுக்கு விளக்கு போட மலையனூர் போயிருந்தேம்மா. ஸ்பெஷல் பஸ்ல வந்து எறங்கினேன். எல்லாரும் என்னைச் சுத்திக்கினாங்க. வண்டி இன்னாச்சு, வண்டி இன்னாச்சுன்னு. கோர்ட்ல கேஸ் இருக்குது, எடுக்கக் கூடாதுன்னேன். ஒரு அக்கா கேட்டுட்டாங்க. நீங்க ரெண்டு பேரும் கோர்ட்ல நில்லுங்க, நாங்க இன்னாத்துக்கு ரோட்ல நிக்கணும்னு."

கோர்ட்டில் யாரோ சிரித்தார்கள். நான் நிமிர்ந்து பார்த்ததும் நின்றது.

"அப்புறம்?"

"அப்புறம் நான் ஷெட்டுக்குப் போனேன். பேப்பர் எல்லாம் என் பையிலதான் இருந்தது, வீட்ல வெச்சா யாராவது எடுத்துருவாங்கன்னு கூடவே வெச்சிருந்தேன். பார்த்தா இவரும் பின்னாடியே வந்துட்டாரு. ஒண்ணும் பேசல. சாவி போட்டு ஸ்டார்ட் பண்ணாரு."

"பேசவே இல்லையா?"

"இல்லம்மா."

"பேசாமல் நீங்கள் எப்படி டிக்கெட் பையை எடுத்தீர்கள்?"

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். இது என்ன கேள்வி என்பது போல. "மாமா வண்டி எடுத்தா யாராச்சும் டிக்கெட் போடணும்ல? நைனாவோட பை சீட்டு அடியிலயே இருந்தது."

இங்கே நிறுத்திக்கொள்கிறேன், ஏனென்றால் நீங்கள் அந்த நாற்காலியில் இருந்தால் என்ன நினைப்பீர்கள் என்று எனக்குத் தெரியும். கோர்ட்டுக்குக் கொடுத்த வாக்கை இருவரும் மீறியிருக்கிறார்கள். தண்டித்தால் சிவில் சிறை வரைக்கும் போகலாம். அதற்குள் மூன்று மாதமும் முடியும், பர்மிட்டும் போகும். கண்டுகொள்ளாமல் விட்டால் நாளைக்கு இந்தத் தாலுகாவில் எவனும் கோர்ட் ஆர்டருக்குப் பயப்பட மாட்டான். ஒரு பக்கம் மீறியிருந்தால் எனக்கு வழி தெரியும். இரண்டு பக்கமும் சேர்ந்து, கைகோத்துக்கொண்டு மீறினால் யார் யாரைக் குற்றம் சாட்டுவது? எந்தத் தீர்ப்புப் புத்தகத்திலும் இப்படி ஒன்றை நான் படித்ததில்லை. சன்னலுக்கு வெளியே கோட்டை மலையைப் பார்த்தேன். அதுவும் ஒன்றும் சொல்லவில்லை.

என்ன கேட்பது என்று தெரியாமல்தான் அடுத்த கேள்வியைக் கேட்டேன். அதில் சாமர்த்தியம் எதுவும் இல்லை. பின்னால் இதைப் பற்றிப் பேசியவர்கள் என்னைப் பாராட்டினார்கள். அது என் முகத்துக்குக் கிடைத்த பாராட்டு.

"ஏழுமலை, நீங்கள் கேட்பதுதான் என்ன? பர்மிட்டா, பாதி வண்டியா?"

அவர் துண்டைக் கக்கத்திலிருந்து எடுத்து மறுபடி இடுக்கிக்கொண்டார். "பர்மிட்டு அதும் பேர்லயே இருக்கட்டும்மா. பச்சையப்பன் பொண்ணு. நான் எடுத்து இன்னா பண்ணப் போறேன்? டிரைவர்னு எழுதிட்டாங்க. அதான்மா. ஊர்ல எல்லாரும் படிச்சிட்டாங்க. என் பசங்களும் படிச்சாங்க. இத்தினி வருஷமா பார்ட்னரு பார்ட்னருன்னு சொன்னியே நைனா, பொய்யான்னு என் பையன் என்னைக் கேக்கறான்."

மலர்க்கொடியின் முகம் மாறியதைப் பார்த்தேன். அவர் வக்கீல் அவசரமாகப் பக்கத்தில் வந்து நின்றார். அதற்குள் அந்தப் பெண் வாயைத் திறந்துவிட்டார்.

"எங்க நைனா உயிரோட இருந்த வரைக்கும் மாமாவுக்கு ஒரு நாளும் சம்பளம் குடுத்ததே இல்லம்மா. சென்னையில இருந்தாலும் வீட்டுக் கணக்கு நான்தான் எழுதுவேன். சம்பளம்னு ஒண்ணு எழுதினதே இல்ல. வசூலை ரெண்டா பிரிச்சுக்குவாங்க. எனக்குத் தெரியும். தெரிஞ்சேதான் கையெழுத்து போட்டேன்."

சம்பளம் வாங்காத டிரைவர் உலகத்தில் எங்கே இருக்கிறான்? பிரித்துக்கொண்டார்கள் என்றால் அது கூட்டு. கட்சிக்காரரே தன் வழக்கைத் தன் வாயால் தரையில் போட்டு உடைத்துவிட்டார். அவர் வக்கீல் கையால் நெற்றியைப் பிடித்துக்கொண்டார். இந்தப் பக்கம் ஏழுமலையின் இளம் வக்கீல் துள்ளி எழுந்தார்.

"யுவர் ஆனர், பதிவு பண்ணுங்க! ஒப்புதல்! ஓபன் கோர்ட்ல கொடுத்த ஒப்புதல்!"

"பிரமாணத்துல சொல்லலை! பதிவு பண்ணக் கூடாது!" என்று அந்தப் பக்கம் கத்தினார்கள்.

என் ஸ்டெனோ விரலை விசையின் மேல் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். இளையவர்களே, உங்களிடம் நான் சொல்ல வந்தது இந்த ஒரு நிமிடத்தைத்தான். மேலே உள்ளதெல்லாம் இதற்கு வழி. அந்த வாக்கியத்தைப் பதிவு செய்தால் ஏழுமலை அங்கேயே ஜெயித்துவிடுவார். கூட்டு இருந்தது என்று ஆகிவிடும். பச்சையப்பன் இறந்த அன்றே அது கலைந்துவிட்டது என்றும் ஆகிவிடும். வழக்கு கணக்கு முடிக்கும் பாதையில் போய்விடும், வண்டி ஏலத்துக்குப் போய்விடும். மேல் கோர்ட்டில் யாரும் என்னைக் குறை சொல்ல முடியாது. அவ்வளவு சுத்தமான தீர்ப்பு என் பணிக்காலத்திலேயே எனக்குக் கிடைத்ததில்லை. ஆசையாகக் கூட இருந்தது. பதிவு செய்யாவிட்டால், ஒரு கட்சிக்காரர் சொன்ன உண்மையை நீதிபதி காதில் வாங்காமல் விட்டார் என்று ஆகும். அதுவும் தப்பு. எனக்குப் பயமாக இருந்தது. எதை எடுத்தாலும் தப்பு என்றுதான் தோன்றியது.

அப்போது ஏழுமலை தன் வக்கீலின் அங்கி ஓரத்தை லேசாகப் பிடித்து இழுத்தார். "விடுங்கம்மா. எழுத வேணாம். அந்தப் பொண்ணு எல்லார் எதிர்லயும் சொல்லிச்சே. போதும்."

"உங்களுக்குப் புரியல, இது நமக்கு ஜெயம்" என்றார் இளம் வக்கீல்.

"புரியுதும்மா. போதும்."

ஸ்டெனோவிடம் கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னேன். மதியம் பார்க்கலாம், இரண்டு பேரும் வெளியே போய் உட்கார்ந்து பேசுங்கள், வக்கீல்கள் சற்றுத் தள்ளி இருங்கள் என்றேன். கடைசிப் பகுதியைச் சொன்னது சட்டமா அதிகப்பிரசங்கமா என்று எனக்கே தெரியாது. அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். சாப்பாட்டுப் பாத்திரத்தைத் திறக்கவில்லை. மீறலை என்ன செய்வது, உறுதிமொழியை என்ன செய்வது, பர்மிட் என் அதிகாரமே இல்லையே என்று சுற்றிச் சுற்றி வந்தேன். மதியம் வெளியே எட்டிப் பார்த்தபோது இருவரும் ஜெராக்ஸ் கடை பெஞ்சில் இரண்டு ஓரத்தில் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் இரண்டு டீ கிளாஸ். பேசுகிற மாதிரி தெரியவில்லை. எனக்கு இன்னும் கலக்கமாகிவிட்டது.

அதற்குப் பிறகு எப்போது பேசினார்களோ, மதியம் கோர்ட் கூடியதும் இரண்டு வக்கீல்களும் சேர்ந்து ஒரு மனு கொடுத்தார்கள். நரைத்த வக்கீல்தான் அதை வாசித்தார், பாகற்காய் தின்ற முகத்தோடு. பழைய கூட்டைப் பற்றிய சண்டையை விட்டுவிடுகிறோம். இன்றிலிருந்து நாங்கள் இருவரும் புதிதாகப் பங்குதாரர்கள். பர்மிட்டை மலர்க்கொடி பெயருக்கு மாற்ற ஏழுமலைக்கு ஆட்சேபணை இல்லை. ஏழுமலை டிரைவர் என்று எழுதிய பதிலை மலர்க்கொடி திரும்பப் பெற்றுக்கொள்கிறார். இந்தக் கடைசி வரியை வாசிக்கும்போது வக்கீல் குரலைத் தாழ்த்தினார். ஏழுமலை, "கொஞ்சம் சத்தமா, சார்" என்றார். மறுபடி சத்தமாக வாசிக்கப்பட்டது.

நான் என்ன செய்தேன் என்று கேட்பீர்கள். கோர்ட்டுக்குக் கொடுத்த உறுதிமொழியை மீறியது தவறு என்று இருவரையும் எழுத்திலேயே கண்டித்தேன். மன்னிப்புக் கேட்டார்கள், ஏற்றுக்கொண்டேன். உறுதிமொழியை விலக்கினேன். சமரசத்தைப் பதிவு செய்தேன். நேரம் இன்னும் கொஞ்சம் இருந்தது, பெயர் மாற்றம் நடந்துவிட்டது என்று பின்னால் கேள்விப்பட்டேன். எல்லாம் நன்றாக முடிந்ததே, இதில் என்ன குழப்பம் என்று நீங்கள் நினைக்கலாம். நன்றாக முடிந்ததால் நான் செய்தது சரி என்று ஆகிவிடுமா? அந்த ஜெராக்ஸ் கடை பெஞ்சில் அவர்கள் பேசாமலே எழுந்து போயிருந்தால்? ஏழுமலை அங்கியைப் பிடித்து இழுக்காமல் இருந்திருந்தால் நான் ஸ்டெனோவை நிறுத்தியிருப்பேனா? நூறு முறை யோசித்துவிட்டேன். உங்களில் யாருக்காவது தெரிந்தால் எழுதுங்கள்.

இந்த ஒன்று மட்டும் உறுதியாகச் சொல்வேன். இரண்டு பேர் ஒரு பொருளுக்கு அடித்துக்கொண்டு உங்கள் முன் வந்து நிற்கும்போது, அது யாருடையது என்று கேட்பதற்கு முன்னால், நீங்கள் தீர்ப்பு எழுதும்வரை அது உயிரோடு இருக்குமா என்று கேளுங்கள். நிலம் இருக்கும். லைசென்ஸும் பர்மிட்டும் இருக்காது. நாம் வாய்தா போட்டுக்கொண்டிருக்கும்போதே அவை போய்விடும், ஜெயித்தவரும் தோற்றவரும் சேர்ந்து வெறுங்கையோடு வீட்டுக்குப் போவார்கள்.

அன்று கையெழுத்தெல்லாம் முடிந்து, அடுத்த வழக்கைக் கூப்பிடப் போகும் நேரம். மலர்க்கொடி கதவுப் பக்கம் போனவர் திரும்பி நின்று கேட்டார்.

"நாளைக்கு மொதல் டிரிப் எத்தினி மணிக்கு எடுக்கலாம்?"

கோர்ட் முழுக்கக் கேட்கும்படிதான் கேட்டார். உத்தரவு என்னுடையது, ஆகவே கேள்வியும் எனக்குத்தான் என்று நினைத்தேன். தொண்டையைச் சரி செய்துகொண்டு ஆரம்பித்தேன். உத்தரவின் சான்றிட்ட நகலைப் பெற்றுக்கொண்டு, அதை வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் சமர்ப்பித்து, உரிய...

"மாமூல் டைம்தான், கண்ணு. அஞ்சேகால்" என்றார் ஏழுமலை.

"சரி மாமா."

இருவரும் படியிறங்கிப் போய்விட்டார்கள். நான் பாதி வாக்கியத்தில் நின்றுகொண்டிருந்தேன். ஸ்டெனோ என்னை நிமிர்ந்து பார்த்து, "அம்மா, கடைசியா சொன்னதையும் டைப் அடிக்கணுமா?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை என்றேன்.